செத்தப்புறம் உடம்ப உறைய வெச்சு எப்பவாவது எழுப்புறது: இதுல அறிவியல் எவ்ளோ? அந்த 14 வயசு பொண்ணு கேஸ்ல கோர்ட் செஞ்சது சரியா?

கோவை_வாசகன்

கொஞ்ச நாளா ஒரு தீர்ப்பு மண்டைக்குள்ள ஓடிட்டே இருக்கு, இங்க விஷயம் தெரிஞ்சவங்க இருக்கீங்கன்னு தான் கேக்குறேன். 2016 அக்டோபர்ல இங்கிலாந்து ஹைகோர்ட்ல நீதிபதி பீட்டர் ஜாக்சன் குடுத்தது. 14 வயசு பொண்ணு, கோர்ட் பேப்பர்ல ஜேஎஸ்னு மட்டும் தான் இருக்கும், அரிய வகை கேன்சர், இனிமே ட்ரீட்மென்ட் இல்லன்னு ஆகிடுச்சு. அந்தப் பொண்ணு நெட்ல தேடித் தேடிப் படிச்சுட்டு, என்ன மண்ணுக்குள்ள புதைக்க வேண்டாம், உறைய வெச்சிடுங்க, எத்தன நூறு வருஷம் ஆனாலும் மருந்து கண்டுபிடிச்சப்புறம் எழுப்பட்டும்னு நீதிபதிக்கு லெட்டர் எழுதியிருக்கு. அம்மா சரின்னுட்டாங்க. அப்பா பிரிஞ்சு போனவர், பல வருஷமா பொண்ணோட தொடர்பே இல்ல, அவர் முதல்ல ஒத்துக்கல.

அவர் சொன்ன காரணம் தான் என்ன தூங்க விடல. சரி, 200 வருஷம் கழிச்சு எழுப்பிட்டாங்கன்னே வெச்சுக்குவோம், அப்போ அவளுக்கு சொந்தம்னு ஒருத்தர் இருக்க மாட்டாங்க, பழசு ஞாபகம் இருக்குமான்னும் தெரியாது, 14 வயசுல அமெரிக்காவுல தனியா நிப்பாளேன்னு கேட்டிருக்கார். நீதிபதி ஆஸ்பத்திரிக்கே போய் பொண்ண பாத்துட்டு வந்து, உடம்ப என்ன பண்றதுங்கிற முடிவு அம்மா கையில தான்னு உத்தரவு போட்டார். அக்டோபர் 17ஆம் தேதி அந்தப் பொண்ணு செத்துப்போச்சு, உடம்பு அமெரிக்காவுக்குப் போச்சு. செலவு சுமார் 37,000 பவுண்டு, அம்மா வழி தாத்தா பாட்டி ஏற்பாடு பண்ணது.

எனக்கு ரெண்டு விஷயம் தெரியணும். ஒண்ணு, இதுல நெஜமாவே அறிவியல் எதாவது இருக்கா, இல்ல துக்கத்துல இருக்கறவங்ககிட்ட வெறும் நம்பிக்கைய விக்கிறாங்களா? ரெண்டு, சாகப்போற ஒரு சின்னப் பொண்ணு கேட்டா அத குடுக்கறது சரியா? கிண்டல் பதில் வேண்டாம் ப்ளீஸ், அதுக்கு வேற எடம் இருக்கு.

லேப்_கோட்

நான் ஐவிஎஃப் (சோதனைக்குழாய் குழந்தை) லேப்ல எம்ப்ரியாலஜிஸ்ட், அதாவது கருவ கையாளற ஆள், உறைய வெக்கிறது தான் தினசரி வேலை, அதனால அறிவியல் பக்கம் மட்டும் சொல்றேன்.

முதல்ல, உறைய வெச்சு உயிரோட எடுக்கறதுங்கறது கதை கிடையாது. 1949ல போல்ஜ், ஸ்மித், பார்க்ஸ்னு மூணு பேர் கிளிசரால் சேத்தா விந்தணு உறைஞ்சும் பிழைக்குதுன்னு காமிச்சாங்க. 1978ல கொல்கத்தால டாக்டர் சுபாஷ் முகர்ஜி, அவரோட குறிப்புகள்படி, உறைய வெச்ச கருவ வெச்சு தான் குழந்தை பிறக்க வெச்சார், அன்னிக்கு அவர யாரும் நம்பல, அது தனி சோகம். 1984ல ஆஸ்திரேலியாவுல உறைஞ்ச கருவுல இருந்து குழந்தை பிறந்தது. 2025ல அமெரிக்காவுல ஒரு குழந்தை பிறந்துச்சு, அந்தக் கரு உறைஞ்சது 1994ல. முப்பது வருஷம் அசையாம இருந்துட்டு பிறந்திருக்கு. மைனஸ் 196 டிகிரி திரவ நைட்ரஜன்ல காலம்னு ஒண்ணு கிட்டத்தட்ட கிடையாது, வேதிவினை எல்லாம் நின்னுடும். அதனால "வருஷக்கணக்கா வெச்சா கெட்டுப்போகாதா"ன்னு கேக்குறவங்களுக்கு பதில், கெடாது. கெடுறது எல்லாம் உள்ள போறப்பவும் வெளிய வர்றப்பவும் தான்.

என் மேஜைல நடக்கறத சொல்றேன். அஞ்சு நாள் கரு ஒண்ணு, நூறு இருநூறு செல் இருக்கும், கண்ணுக்கு ஒரு புள்ளி. அத எத்திலீன் கிளைக்கால், டிஎம்எஸ்ஓ, சர்க்கரை கலந்த கரைசல்ல போடுவோம், தண்ணி வெளிய போய் கரு சுருங்கும், மைக்ராஸ்கோப்ல கண்ணு முன்னாடி சுருங்கறது தெரியும். கடைசி கரைசல் ரொம்ப கெட்டி, விஷமும் கூட, அதுல ஒரு நிமிஷத்துக்கு மேல விட்டா நாங்களே கொன்னுடுவோம். உடனே ஒரு மெல்லிசான பிளாஸ்டிக் பட்டைல ஏத்தி, அதிகமா இருக்கற கரைசல உறிஞ்சி எடுத்துட்டு, நைட்ரஜன்ல சடார்னு முக்கிடுவோம். நிமிஷத்துக்கு ஆயிரக்கணக்கான டிகிரி வேகத்துல குளிரும். அந்த வேகத்துல தண்ணிக்கு பனிக்கட்டியா படிகம் கட்ட நேரமே இருக்காது, சீனிப்பாகு பூக்காம கண்ணாடியா இறுகற மாதிரி அப்படியே இறுகிடும். இதத்தான் விட்ரிஃபிகேஷன்னு சொல்றோம். பனிப்படிகம் வந்துச்சுன்னா செல்ல கிழிச்சுடும், அது வராம பாத்துக்கறது தான் மொத்த வித்தையும்.

இப்போ இதயே ஒரு ஆளுக்கு பண்ணணும்னா எங்க முட்டுதுன்னு பாருங்க. மூளை சுமார் 1,400 கிராம். வெளிய எவ்ளோ குளிர வெச்சாலும் நடுவுல மெதுவாத்தான் குளிரும். மெதுவா குளிர்ந்தா படிகம் கட்டும், அத தடுக்க கெமிக்கல் செறிவ ஏத்தணும், ஏத்தினா விஷம் ஏறும். எம்22ன்னு ஒரு கலவை இருக்கு, கிரெக் ஃபேஹியும் பிரையன் வோக்கும் சேர்ந்து உருவாக்கினது, மெதுவா குளிர்ந்தாலும் பனி கட்டாது, பெரிய சாதனை தான். ஆனா மூளை ரத்தக்குழாய்ச் சுவர் அத லேசுல உள்ள விடாது, தண்ணி மட்டும் வெளிய வந்து மூளை சுருங்கிடும். மைனஸ் 120 டிகிரி சொச்சத்துக்குக் கீழ கண்ணாடியா இறுகின திசு ஒரே மாதிரி சுருங்காம விரிசல் விடும். அப்புறம் திரும்ப சூடாக்கறது இன்னும் கஷ்டம், குளிர வெச்சத விட வேகமா சூடாக்கணும், இல்லன்னா வர்ற வழியில படிகம் கட்டிடும்.

உறுப்பு அளவுல இன்னிக்கு எங்க நிக்குதுன்னா, ஃபேஹி குழு 2009ல வெளியிட்டது, ஒரு முயல் கிட்னிய விட்ரிஃபை பண்ணி எடுத்து திரும்ப வெச்சாங்க, அந்த ஒத்த கிட்னியோட முயல் 48 நாள் இருந்துச்சு, அப்புறம் ஆராய்ச்சிக்காக அவங்களே கொன்னாங்க. 2023ல மினசோட்டா யுனிவர்சிட்டில எலி கிட்னிய 100 நாள் வரைக்கும் வெச்சிருந்து, ரத்தக்குழாய்ல இரும்பு ஆக்சைடு நானோ துகள் ஓட்டி காந்தப்புலத்துல எல்லாப் பக்கமும் ஒரே நேரத்துல சூடாக்கி, அஞ்சு எலிக்கு வெச்சாங்க, முதல் ரெண்டு மூணு வாரம் தடுமாறிட்டு அப்புறம் நல்லா வேலை செஞ்சுது. எனக்கு இது ரொம்ப சந்தோஷமான செய்தி, தானமா வர்ற கிட்னிய சேத்து வெக்க முடிஞ்சா எத்தன பேர் பிழைப்பாங்க. ஆனா அது எலி கிட்னி. முழு பாலூட்டி எதையும் இந்தக் குளிருக்கு கொண்டு போய் உயிரோட திருப்பினது இல்ல, முழு மூளையையும் இல்ல.

காட்டுத் தவளைய பத்தி யாராவது கொண்டு வருவீங்க, அதனால முன்னாடியே சொல்லிடறேன். வட அமெரிக்கத் தவளை அது, உடம்புத் தண்ணில 65 சதவீதம் வரைக்கும் பனியாகும், இதயம் நின்னுடும், வெயில் வந்ததும் குதிச்சுப் போயிடும். ஆனா அது தாங்கறது மைனஸ் 20 டிகிரிக்குள்ள தான், பனி செல்லுக்கு வெளிய தான் கட்டும், ஈரல்ல இருந்து குளுக்கோஸ கொட்டி செல்ல காப்பாத்திக்கும். மைனஸ் 196க்கு அது சாட்சி கிடையாது.

பழைய_வழக்கு

அறிவியல லேப்_கோட் சொல்லிட்டார். நான் வக்கீல், இதோட வரலாற தேடிப் படிச்சவன். எனக்கு பனிப்படிகத்த விட பெரிய கேள்வி, ஒரு பொணத்துக்கு குடுத்த வாக்க யார் எத்தன வருஷம் காப்பாத்துவாங்கங்கறது தான்.

1967 ஜனவரி 12. ஜேம்ஸ் பெட்ஃபோர்டுன்னு கலிஃபோர்னியாவுல ஒரு சைக்காலஜி பேராசிரியர், 73 வயசு, கிட்னில வந்த கேன்சர் நுரையீரலுக்குப் பரவி செத்தார். அவர உறைய வெச்சாங்க, உலகத்துலயே முதல் ஆள், இன்னிக்கும் அரிசோனால ஆல்கார் நிறுவனத்துல இருக்கார். ஆனா நடுவுல அவர் இருந்த எடத்த பாருங்க, ஒரு கம்பெனில இருந்து இன்னொரு கம்பெனி, அங்கிருந்து வேற எடம், கொஞ்ச வருஷம் மகனே வாடகை ஸ்டோரேஜ்ல வெச்சு நைட்ரஜன் ஊத்திட்டு இருந்தார். 1991ல பழைய கலத்த அறுத்து வெளிய எடுத்தப்போ, தூங்கற பைக்குள்ள சுத்தி இருந்த உடம்பு மேல, முதல் நாள் வெச்ச ஐஸ்கட்டி எல்லாம் முனை மழுங்காம அப்படியே இருந்துச்சாம், அத வெச்சுத் தான் நடுவுல உருகலன்னு முடிவுக்கு வந்தாங்க. ஒரு குடும்பம் விடாம பாத்துக்கிட்டதால அந்த ஆள் இன்னிக்கும் அங்க இருக்கார்.

அதே பெட்ஃபோர்ட உறைய வெக்கறதுல பங்கெடுத்த ராபர்ட் நெல்சன் மத்தவங்களுக்கு என்ன பண்ணார்? லாஸ் ஏஞ்சலஸ் பக்கத்துல சாட்ஸ்வொர்த்னு ஒரு எடத்துல சுடுகாட்டுக்குள்ள நிலவறை ஒண்ணு. செத்தவங்களோட சொந்தக்காரங்க தவணையா பணம் கட்டணும், அதுல நைட்ரஜன் ஊத்தறது தான் ஏற்பாடு. சில குடும்பம் கட்டுறத நிறுத்துச்சு, ஒரே கலத்துக்குள்ள பல உடம்ப அடைச்சார், பம்ப் பழுதாச்சு, கடைசில ஊத்தறதையே விட்டுட்டார், குடும்பங்ககிட்ட சொல்லவும் இல்ல. 1979ல திறந்து பாத்தப்போ ஒன்பது பேர் அழுகிப் போயிருந்தாங்க. அதுல சின்னக் குழந்தையும் உண்டு. எட்டு வயசுப் பொண்ணு, கனடாவுல இருந்து கொண்டு வந்தது. அந்த அப்பா மனசு என்ன ஆகியிருக்கும்னு நினைச்சா எனக்கு இன்னிக்கும் வயிறு கலங்கும். 1981ல ஜூரி நெல்சனுக்கு எதிரா தீர்ப்பு சொல்லுச்சு.

பிரான்ஸ்ல மார்டினோன்னு ஒரு டாக்டர், 1984ல செத்துப்போன மனைவிய தன் மாளிகை அடித்தளத்துல ஃப்ரீசர்ல வெச்சார், 2002ல அவர் செத்ததும் மகன் அவரையும் பக்கத்துலயே மைனஸ் 65ல வெச்சார். கேஸ் நாட்டோட உச்ச நிர்வாக நீதிமன்றம் வரைக்கும் போச்சு, 2006 ஜனவரில தோத்தார், அங்க சட்டப்படி புதைக்கணும் இல்ல எரிக்கணும், வேற வழி கிடையாது. அடுத்த கொஞ்ச நாள்லயே ஃப்ரீசர் பழுதாகி மைனஸ் 20 வரைக்கும் ஏறிட்டது தெரிஞ்சு மகனே எரிச்சுட்டார்.

இதெல்லாம் தெரிஞ்சு தான் இப்போ இருக்கற நிறுவனங்க தவணை முறைய விட்டுட்டு, முழுப்பணத்தையும் முன்னாடியே வாங்குது, பெரும்பாலும் ஆயுள் இன்சூரன்ஸ் மூலமா. ஆல்கார்ல முழு உடம்புக்கு சுமார் 2,20,000 டாலர், தலைய மட்டும் உறைய வெக்கறதுன்னா சுமார் 80,000. மிச்சிகன்ல இருக்கற க்ரையானிக்ஸ் (செத்தவங்கள உறைய வெக்கறதுக்குப் பேர்) இன்ஸ்டிட்யூட்ல 28,000ல ஆரம்பிக்குது, இத ஆரம்பிச்ச ராபர்ட் எட்டிங்கர் தன் அம்மாவத்தான் அங்க முதல் ஆளா 1977ல வெச்சார், 2011ல அவரும் அங்கயே. ஆல்கார்ல அந்தப் பணத்துல ஒரு பங்கு தனி டிரஸ்ட்டுக்குப் போகுது. கரண்ட் போனாலும் கவலை இல்ல, வெற்றிடச் சுவர் வெச்ச கலம், நைட்ரஜன் குறையக் குறைய ஊத்தினா போதும், ஆள தலைகீழா வெக்கிறாங்க, கசிவு வந்தாலும் தலை கடைசில தான் வெளிய தெரியும். ஏற்பாடு யோசிச்சுத் தான் பண்ணியிருக்காங்க, ஒத்துக்கறேன். ஆனா நூறு இருநூறு வருஷம் ஒரு நாடு, ஒரு சட்டம், ஒரு டிரஸ்ட் மூணும் தாங்கணும். செத்தவங்களால கேஸ் போட முடியாது. எந்த ஒப்பந்தத்துலயும் கேள்வி கேக்கற கட்சிக்காரர் ஒருத்தர் உயிரோட இருப்பார், இதுல இல்ல.

நாளைய_மனுஷன்

நான் ஜெர்மனில இருக்கேன், செத்தப்புறம் என்ன உறைய வெக்கச் சொல்லி கையெழுத்துப் போட்டவன். அதனால எதிர்த்தரப்பா என் பக்கத்தயும் கேளுங்க.

மேல சொன்ன தகவல் எதையும் மறுக்கல. கையெழுத்துப் போடறதுக்கு முன்னாடி சாட்ஸ்வொர்த் பத்தி முழுசா படிச்சேன். ஆனா நீங்க எல்லாரும் "இன்னிக்கு எழுப்ப முடியாது"ன்னு சொல்றீங்க, எங்கள்ல யாரும் இன்னிக்கு எழுப்ப முடியும்னு சொல்லவே இல்ல. கேள்வி வேற. ஒரு ஆளோட ஞாபகம், குணம் எல்லாம் மூளையோட கட்டமைப்புல இருக்கா, இருந்தா அந்தக் கட்டமைப்பு எவ்ளோ அழிஞ்சா அந்த ஆள் நிரந்தரமா போயிட்டார்னு அர்த்தம்?

பெருந்தமனி ஆபரேஷன்ல உடம்ப 18 டிகிரி வரைக்கும் குளிர வெச்சு ரத்த ஓட்டத்தயே நிறுத்துவாங்க, மூளையில மின்சாரம் ஒரு கோடா நின்னுடும், அரை மணி நேரம் கழிச்சு சூடாக்கினா ஆள் எழுந்து பொண்டாட்டி பேர் சொல்றார். அப்போ ஞாபகம் ஓடிட்டு இருக்கற மின்சாரத்துல இல்ல, இணைப்புல இருக்கு. 1999ல நார்வேல ஆன்னா போகன்ஹோம்னு ஒரு டாக்டர், பனிக்கடியில மாட்டி உடம்பு 13.7 டிகிரிக்கு இறங்கி இதயம் நின்னு போச்சு, பிழைச்சாங்க, பின்னாடி தன்ன காப்பாத்தின ஆஸ்பத்திரிலயே ரேடியாலஜிஸ்ட்டா வேலை பாத்தாங்க. 1960க்கு முன்னாடி நெஞ்ச அமுக்கி உயிர் குடுக்கற முறையே பரவலா கிடையாது, இதயம் நின்னா செத்தாச்சு. சாவுக்கு நம்ம போடற கோடு காலத்துக்குக் காலம் தள்ளிப் போயிட்டே இருக்கு. அந்தக் கோட்டுக்கு இந்தப் பக்கம் இருக்கேனா அந்தப் பக்கமான்னு வருங்கால டாக்டர் சொல்லட்டும், அதுவரைக்கும் எரிச்சுடாதீங்கன்னு கேக்குறேன், அவ்ளோ தான்.

இன்னொண்ணு, 2018ல பன்றி மூளைய முதல்ல குளுட்டரால்டிஹைடுங்கற கெமிக்கலால நிலைநிறுத்தி அப்புறம் உறைய வெச்சு, நரம்பு இணைப்பு எல்லாம் எலக்ட்ரான் மைக்ராஸ்கோப்ல தெளிவா தெரியுதுன்னு காமிச்சு ஒரு குழு பரிசு வாங்குச்சு. 2024ல ஈயோட முழு மூளைக்கும் இணைப்பு வரைபடம் போட்டாச்சு, 1,39,000க்கு மேல நரம்பணு. இது நடக்காதுன்னு சொன்னவங்க எத்தன பேர்.

அந்தப் பொண்ணு கேட்டதுல என்ன தப்பு? புதைச்சா வாய்ப்பு பூஜ்யம். உறைய வெச்சா பூஜ்யத்துக்கு மேல ஏதோ ஒண்ணு. யாருக்கும் கெடுதல் இல்ல. அவளுக்குப் பயம் குறைஞ்சுது. அந்த அப்பா கேட்டதுக்கு என் பதில், எழுப்பற அளவுக்கு வளர்ந்த சமூகம் ஒரு 14 வயசுப் பொண்ண தெருவுல விடாது. போர்ல எல்லாரையும் இழந்துட்டு தனியா வேற நாட்டுக்கு வந்து வளர்ந்த பிள்ளைங்க நம்ம மத்தியிலயே இருக்காங்க, அவங்ககிட்ட போய் நீ பிழைச்சிருக்கக் கூடாதுன்னு யாரும் சொல்றது இல்ல.

லேப்_கோட்

@நாளைய_மனுஷன், மதிப்போட தான் பேசறீங்க, அதே மாதிரி பதில் சொல்றேன்.

18 டிகிரிக்கும் மைனஸ் 196க்கும் நடுவுல தான் எல்லா சேதமும் நடக்குது, அதனால அந்த ஆபரேஷன் உதாரணம் ஞாபகம் இணைப்புல இருக்குங்கற வரைக்கும் தான் உதவும், உறைய வெச்சா அந்த இணைப்பு மிஞ்சுதாங்கறதுக்கு உதவாது. ஆல்டிஹைடு முறை இணைப்ப அழகா காப்பாத்துது, நெஜம். ஆனா ஆல்டிஹைடு புரதத்த எல்லாம் ஒண்ணோட ஒண்ணு பின்னி இறுக்கிடும், நாங்க ஸ்லைடு போடறதுக்கு திசுவ இறுக்கற அதே வேலை. அந்த மூளை திரும்ப உயிரணுவா வேலை செய்யாது, படிச்சு கம்ப்யூட்டர்ல ஏத்தறது தான் அவங்க கனவு. அது நீங்களான்னு நான் கேக்க வரல, ஆனா கையெழுத்துப் போடறவங்களுக்கு ரெண்டும் வேற வேற பொருள்னு தெளிவா சொல்லணும்ல. ஈ மூளைல சுமார் 1.4 லட்சம், நம்மளுதுல 8,600 கோடி. 2024ல மனுஷ மூளையோட ஒரே ஒரு கன மில்லிமீட்டர் வரைஞ்சதுக்கே 1,400 டெராபைட் ஆச்சு.

அப்புறம் "யாருக்கும் கெடுதல் இல்ல"ங்கறத ஏத்துக்க முடியல. குளிர் உயிரியல் ஆராய்ச்சியாளர்களோட சர்வதேச சங்கம் 1982லயே, செத்தவங்கள உறைய வெக்கறவங்களுக்கு எங்க சங்கத்துல எடம் இல்லன்னு விதி போட்டாங்க. கடுமையான முடிவு தான், சிலருக்கு அநியாயமாவும் பட்டிருக்கும். ஆனா அவங்க பயம் எனக்குப் புரியுது. கரு உறைய வெக்க வர்ற தம்பதிகிட்ட நான் இத்தன சதவீதம் பிழைக்கும், இத்தன சதவீதம் குழந்தையாகும்னு நம்பர் சொல்றேன், ஏன்னா எடுத்துப் பாத்த கணக்கு இருக்கு. உங்க கான்ட்ராக்ட்ல ஒரு நம்பரும் போட முடியாது. பூஜ்யத்துக்கு மேல ஏதோ ஒண்ணுன்னு நீங்க சொல்றது கணக்கு மாதிரி இருக்கு, ஆனா கணக்கு இல்ல.

வார்டு_நைட்ஷிப்ட்

நான் யாழ்ப்பாணம், கன வருசமா லண்டன்ல நேர்ஸ், கடைசிக் காலத்தில இருக்கிற நோயாளியள் இருக்கிற வார்டில வேலை. ஜேஎஸ் இருந்த ஆஸ்பத்திரி இல்ல. ஆனா அந்தத் தீர்ப்பின்ர கடைசிப் பகுதிய இங்க ஆரும் கதைக்கேல்ல, எனக்கு அதுதான் நெஞ்சுக்குள்ள நிக்குது.

பிள்ளை செத்த பிறகு ஆஸ்பத்திரி நீதிபதிக்கு ஒரு குறிப்பு அனுப்பினது. கடைசி நாளில தாய் பிள்ளையோட முழுசா இருக்கேலாமல், செத்த பிறகு நடக்க வேண்டிய ஏற்பாடுகளிலதான் மனசு முழுக்க இருந்தது எண்டு அதில இருக்கு. உதவிக்கு வந்த தன்னார்வக் குழுவிட்ட ஒழுங்கான சாமானும் இல்ல, ஒழுங்கும் இல்ல எண்டும் எழுதியிருக்கினம். ஆஸ்பத்திரி ஆக்களுக்கு அது பெரிய மனக்கஷ்டமா இருந்திருக்கு. தகப்பன் கடைசியா பிள்ளையின்ர முகத்தப் பாக்கவேணும் எண்டு கேட்டவர், அதுவும் கிடைக்கேல்ல.

நடைமுறை என்னெண்டு தெரியாத ஆக்களுக்குச் சொல்லுறன். இங்க இதயம் நிண்டா டொக்டரோ பயிற்சி எடுத்த நேர்ஸோ வந்து அஞ்சு நிமிசம் பாத்துக்கொண்டு நிண்டுதான் மரணம் எண்டு உறுதிப்படுத்துவார். அதுக்கு முதல் ஆரும் உடம்பில கை வைக்கேலாது. உறைய வைக்கிற ஆக்களுக்கு அந்த அஞ்சு நிமிசமும் நட்டம், ஒவ்வொரு நிமிசமும் மூளை பழுதாகுது. அதால உறுதிப்படுத்தின உடன ஐஸ், ரத்தம் உறையாமல் மருந்து, நெஞ்ச அமத்துற மெஷின், எல்லாம் கட்டிலடியிலயே தொடங்கோணும். நாங்கள் வழமையா அந்த நேரத்தில என்ன செய்வம்? கதவச் சாத்திப்போட்டு குடும்பத்த விடுவம். தாய் தலையத் தடவுவா, சிலர் தேவாரம் படிப்பினம், சிலர் குர்ஆன் ஓதுவினம், சிலர் சும்மா இருப்பினம். அந்த நேரத்த ஒரு குழு வந்து எடுத்துக்கொண்டா அது திரும்பக் கிடையாது. இத கெடுதல் இல்ல எண்டு சொல்ல என்னால ஏலாது.

அதுக்காக அந்தப் பிள்ளைக்கு குடுத்திருக்கக் கூடாது எண்டு நான் சொல்லேல்ல. பதினாலு வயசில சாகப்போறன் எண்டு தெரிஞ்ச பிள்ளையள நான் பாத்திருக்கிறன், அதுகள் எங்கள விட வடிவா யோசிக்குங்கள். அந்த நீதிபதியும் பிள்ளை கெட்டிக்காரி, தன்ர விருப்பத்த தெளிவாச் சொல்லுறா எண்டுதான் எழுதினவர். உறைய வைக்கிறது சரியோ பிழையோ எண்டு தான் தீர்ப்புச் சொல்லேல்ல, தாய் தகப்பனுக்கு இடையில ஆர் முடிவெடுக்கிறது எண்டுதான் சொல்லுறன் எண்டும் தெளிவா எழுதினவர். பதினெட்டு வயசுக்குக் கீழ எண்டதால பிள்ளையால உயில் எழுதேலாது, அதாலதான் கோர்ட்டுக்கே வந்தது. 2004ஆம் ஆண்டு மனித திசுச் சட்டம் எழுதேக்குள்ள இப்பிடி ஒண்டு வரும் எண்டு ஆரும் நினைக்கேல்ல. இதுக்கு ஒழுங்கான விதிமுறை வேணும் எண்டு நீதிபதியே கேட்டவர்.

கோவை_வாசகன்

எல்லாருக்கும் நன்றி, இவ்ளோ பதில் வரும்னு எதிர்பாக்கல. வார்டு_நைட்ஷிப்ட் அக்கா, உங்க பதில ரெண்டு தடவ படிச்சேன். லேப்_கோட் சொன்னத வெச்சு அறிவியல் பக்கம் எனக்குத் தெளிவாயிடுச்சு, செல்லுக்கு நெஜம், உறுப்புக்கு ஆரம்பம், ஆளுக்கு ஒண்ணும் இல்ல. ஆனா நாளைய_மனுஷன் சொன்ன பயம் குறைஞ்சுதுங்கறது மனசுல நிக்குது. பெரியவங்க பணம் கட்டி தனக்குப் பண்ணிக்கறது எனக்குப் பிரச்சனையா படல. குழந்தைங்களுக்கு எப்படின்னு தான் இன்னும் இடிக்குது. தாய்லாந்துல 2015ல மூளைக் கட்டில செத்த ஒரு குழந்தைக்கு மூணு வயசு கூட ஆகல, அத அப்பா அம்மாவே முடிவு பண்ணி ஆல்கார்ல வெச்சிருக்காங்க. அந்தக் குழந்தை எதையும் கேக்கல. அது ஜேஎஸ் கேஸ் மாதிரி தானா?

பழைய_வழக்கு

என் கண்ணுக்கு ரெண்டும் வேற. ஜேஎஸ் கேட்டா. அந்தக் குழந்தைக்கு அப்பா அம்மா கேட்டாங்க, துக்கம் அவங்களோடது, முடிவும் அவங்களோடது. அத தப்புன்னு சொல்ல மாட்டேன், புதைக்கறதும் எரிக்கறதும் கூட பெத்தவங்க எடுக்கற முடிவு தான். ஆனா கோர்ட்ல வந்தா பொண்ணோட விருப்பம்னு வாதாட அங்க ஒண்ணும் இல்ல.

பெரியவங்க விருப்பம்னாலே கூட சிக்கல் தீரல. பேஸ்பால் ஆட்டக்காரர் டெட் வில்லியம்ஸ் 2002ல செத்தப்போ உயில்ல எரிக்கணும்னு இருந்துச்சு, மகனும் ஒரு மகளும் கறை படிஞ்ச ஒரு துண்டுச் சீட்டக் காட்டி அப்பா மனச மாத்திக்கிட்டார்னு சொல்லி ஆல்காருக்கு அனுப்பினாங்க, மூத்த மகள் எதிர்த்துப் பாத்து பணம் இல்லாம விட்டுட்டாங்க. இதுக்கு நேர் எதிரா தாமஸ் டொனால்ட்சன்னு ஒரு கணித அறிஞர், மூளையில கட்டி, கட்டி மூளைய தின்னு முடிக்கறதுக்கு முன்னாடியே என்ன உறைய வெக்க விடுங்கன்னு கலிஃபோர்னியாவுல கேஸ் போட்டார். 1992ல அப்பீல் கோர்ட் முடியாதுன்னுடுச்சு, உதவற ஆள் கொலைக் குற்றத்துல மாட்டுவார்னு. நல்லா யோசிச்சு, தனக்காக, முழு அறிவோட கேட்டவர் அவர். 2006ல செத்தப்புறம் தான் உறைய வெச்சாங்க.

என்ன கேட்டா, தடை போட வேண்டாம். இந்த நிறுவனங்க ஒவ்வொரு ஆளுக்கும் சாவுக்கும் குளிருக்கும் நடுவுல எவ்ளோ நேரம் ஆச்சு, கலவை எவ்ளோ ஏறுச்சு, டிரஸ்ட்ல எவ்ளோ பணம் இருக்கு, எல்லாத்தயும் வருஷா வருஷம் வெளி ஆள் ஒருத்தர் தணிக்கை பண்ணி வெளியிடணும்னு சட்டம் வேணும். ஆல்கார் பல கேஸ் அறிக்கைய தானாவே வெளியிடுது, தப்பு நடந்தத கூட எழுதியிருக்காங்க, அது நல்ல பழக்கம், ஆனா விருப்பம் இருந்தா பண்ணலாம்ங்கற நிலைல இருக்கக் கூடாது.

நாளைய_மனுஷன்

தணிக்கைக்கு நான் ரெண்டு கையும் தூக்குறேன். அக்கா, உங்ககிட்ட ஒரு கேள்வி, நெஜமா தெரிஞ்சுக்கணும். எனக்குன்னு ஒரு நாள் வரும்போது ஒரு ஆஸ்பத்திரில தான் இருப்பேன், என் மனைவி பக்கத்துல இருப்பாங்க. அந்த நர்ஸுக்கும் என் மனைவிக்கும் கஷ்டம் இல்லாம இருக்க முன்னாடியே நான் என்ன பண்ணி வெக்கணும்?

வார்டு_நைட்ஷிப்ட்

நல்ல கேள்வி தம்பி. இங்க முஸ்லிம் குடும்பங்களும் யூதக் குடும்பங்களும் உடம்ப அதே நாள் தரச் சொல்லிக் கேப்பினம், அதுக்கு எங்களிட்ட ஒரு நடைமுறை இருக்கு, முதலே சொல்லி வச்சா ராத்திரியிலயும் டொக்டர் வந்து பேப்பர் எழுதித் தருவார். உங்கடையையும் அப்பிடிச் செய்யலாம்.

வார்டுக்கு வந்த முதல் கிழமையே சிஸ்டரிட்டயும் கன்சல்டன்டிட்டயும் சொல்லுங்கோ, பேப்பரில குடுங்கோ, கடைசி நாளில ஆரும் திகைக்கக் கூடாது. ஆர் வருவினம், எத்தினை பேர், என்ன சாமான், எந்த அறையில செய்யிறது எண்டு முதலே பேசி முடியுங்கோ. பக்கத்துக் கட்டிலில வேற குடும்பம் இருக்கும், அதால கட்டிலடியில செய்யாமல் தனி அறை கேளுங்கோ. நீங்கள் ஜெர்மனி, அங்கத்தைச் சட்டம் எனக்குத் தெரியாது, அத அங்க ஒரு வக்கீலிட்டக் கேளுங்கோ.

முக்கியமா, போன் எடுக்கிற வேலை, வண்டி எங்க வருது எண்டு பாக்கிற வேலை, கையெழுத்து வேலை, ஒண்டும் மனைவியிட்ட விடாதையுங்கோ. அதுக்கு ஒரு கூட்டாளியையோ தம்பியையோ பேர் குறிச்சு வையுங்கோ, அவற்ர நம்பர் ஃபைலில முதல் பக்கத்தில இருக்கட்டும். உறுதிப்படுத்தின பிறகு குழு தொடங்க முதல் மனைவிக்கு எத்தினை நிமிசம் வேணும் எண்டு இப்பவே அவவிட்டக் கேளுங்கோ. அது உங்கட மூளைக்கு நட்டம் எண்டு நீங்கள் நினைப்பீங்கள், எண்டாலும் ரெண்டு பேரும் இருந்து கதைச்சு ஒரு நேரத்த எழுதி வையுங்கோ, இல்லாட்டி அந்த இடத்தில நிக்கிற நேர்ஸ்தான் முடிவெடுக்க வேண்டி வரும்.